நகைச்சுவை என்னும் நாவன்மை

(சங்கத்தின் வெள்ளி விழாவையொட்டித் தென்காசியில் நடைபெற்ற இளைஞர் அரங்கில் ஆற்றப்பெற்ற உரை)

 

விழாக் குழுவினர் எனக்குத் தந்துள்ள தலைப்பு, 'அவையில் நகைச்சுவை' என்பதாகும். அழைப்பிதழைப் பார்த்த பெரியவர் ஒருவர், "இருபத்தைந்து ஆண்டுகள் வியர்வை சிந்தி வளர்த்த சங்கம். பிள்ளைகளுக்குப் படிப்பைப் பற்றிச் சொல்லாமல், சிரிப்பைப் பற்றியா பேசப் போகிறீர்கள்?" என்று கேட்டார். நியாயமான கேள்விதான். நாலு பேர் முன்னிலையில் ஒரு நகைச்சுவையை நயமாகச் சொல்லத் தெரிந்திருப்பதும் படிப்பின் ஒரு பகுதியே என்பதும், பிறரைக் காட்டிலும் நம் சமுதாயத்துப் பிள்ளைகளுக்கு அது மிகுதியாக வேண்டியிருக்கிறது என்பதும் என் விடை. அதை நிறுவுவதே இவ்வுரையின் நோக்கம்.

சிரிக்கப்பட்டவர்கள்

அன்பர்களே! சிரிப்பு எல்லாருக்கும் பொதுவானது என்பார்கள். ஆனால் யார் சிரிப்பது, யாரைப் பார்த்துச் சிரிப்பது என்பது இந்த நாட்டில் ஒருபோதும் பொதுவாக இருந்ததில்லை. நம்முடைய பெயர் சிரிப்புக்கு இடமாயிற்று. நம் உடையும், நிறமும், உணவும், தொழிலும் சிரிப்புக்கு இடமாயின. பழமொழிகள் என்ற பெயரால் வழங்கும் சொற்களில் எத்தனை நம்மை இழித்துரைப்பவை என்பதை நான் எடுத்துச் சொல்ல வேண்டியதில்லை.

மற்றொரு புறம், ஊரைச் சிரிக்க வைக்கும் வேலையும் பெரும்பாலும் எளிய மக்களிடமே விடப்பட்டிருந்தது. கூத்திலே கோமாளி வேடம் கட்டியவன் அரசனையும் அமைச்சனையும் கிண்டல் செய்யலாம். பண்ணையாரின் கஞ்சத்தனத்தைக்கூடச் சாடையாக இடித்துரைக்கலாம். விடியும் வரையில் அவனுக்கு அந்த உரிமை உண்டு. விடிந்து அரிதாரம் கலைந்த பின்னர், அவனே அந்தத் தெரு வழியாகச் செருப்பைக் கையில் எடுத்துக்கொண்டு நடந்து போக வேண்டும். சிரிக்க வைத்த திறமைக்கு மதிப்பு இருந்தது. சிரிக்க வைத்த மனிதனுக்கு இல்லை.

நான் படித்த காலத்தில் ஒரு வகுப்பறையில் நடந்ததைச் சொல்கிறேன். "உதவித்தொகை வாங்குகிறவர்கள் எழுந்து நில்லுங்கள்" என்றார் ஆசிரியர். நாங்கள் ஏழு பேர் எழுந்து நின்றோம். அவர் ஏட்டிலிருந்து தலையைத் தூக்கி, "அடேயப்பா, அரசாங்கத்து மருமகப் பிள்ளைகள் எல்லாரும் வந்துவிட்டார்களா?" என்றார். வகுப்பு முழுவதும் சிரித்தது. அவர் கொடியவர் அல்லர். பாடமும் நன்றாகவே நடத்தினார். அந்தச் சொல்லை அவர் அன்று மாலையே மறந்திருப்பார். நின்ற ஏழு பேரில் ஒருவர்கூட இன்றுவரை மறக்கவில்லை. சொல்பவனுக்குக் கணநேர விளையாட்டாக இருப்பது, கேட்பவனுக்கு வாழ்நாள் வடுவாகலாம்.

முன்னோர் வகுத்த இலக்கணம்

இதை நம் முன்னோர் அறியாமல் இருந்தார்கள் என்று எண்ண வேண்டாம். தொல்காப்பியர் மெய்ப்பாட்டியலில் எண்வகை மெய்ப்பாடுகளைச் சொல்லுமிடத்து நகையை முதலில் வைக்கிறார். அது பிறக்கும் இடங்கள் நான்கு: எள்ளல், இளமை, பேதைமை, மடன் என்பன. எள்ளல் என்பது இகழ்ந்து சிரிப்பது. இளமை, குழந்தைத்தன்மை கண்டு சிரிப்பது. பேதைமை, அறியாமை கண்டு சிரிப்பது. மடன், சொன்னதை அப்படியே நம்பிக்கொள்ளும் வெகுளித்தனம் கண்டு சிரிப்பது. உரையாசிரியராகிய பேராசிரியர் இவை தன்னிடத்தும் தோன்றும், பிறரிடத்தும் தோன்றும் என்று மேலும் இரண்டாக்கி விளக்குவார். தன்னையே எண்ணிச் சிரிப்பது ஒரு வகை, பிறரைக் கண்டு சிரிப்பது ஒரு வகை என்ற வேறுபாடு அன்றே இலக்கணமாகிவிட்டது.

திருவள்ளுவர் இன்னும் ஒருபடி மேலே போகிறார். பண்புடைமை என்னும் நூறாவது அதிகாரத்தில், விளையாட்டாகச் சொன்னாலும் இகழ்ச்சி துன்பமே தரும் என்கிறார். அதே அதிகாரத்தில், பிறரோடு கலந்து மகிழ்ந்து சிரிக்கத் தெரியாதவர்களுக்கு இந்தப் பெரிய உலகம் பகலிலும் இருண்டு கிடக்கிறது என்றும் கூறுகிறார். இகழாதே என்ற கட்டளையும், சிரிக்கத் தெரிந்துகொள் என்ற கட்டளையும் ஒரே அதிகாரத்தில் நிற்பதை எண்ணிப் பாருங்கள். இரண்டையும் சேர்த்துக் கைக்கொள்வதே பண்பு. இன்றைய என் பேச்சு முழுவதும் இந்த இரண்டு குறள்களுக்கு இடையில்தான் நடக்கிறது.

குற்றாலத்துச் சிங்கியும் அவள் நகையும்

நகைச்சுவையைக் கற்றுக்கொள்ள நாம் தொலைதூரம் போக வேண்டியதில்லை. குற்றாலத்திற்கும் தென்காசிக்கும் இடையே உள்ள மேலகரத்தில் பிறந்தவர் திரிகூடராசப்பக் கவிராயர். பதினெட்டாம் நூற்றாண்டில் அவர் பாடிய திருக்குற்றாலக் குறவஞ்சியின் இறுதிப் பகுதியில், சிங்கன் தன் மனைவி சிங்கியைத் தேடி அலைந்து கண்டுபிடிக்கிறான். அவள் உடம்பெல்லாம் அணிகலன்கள். அவன் அவற்றை முன்பின் பார்த்ததில்லை. காலில் கிடக்கும் சிலம்பைக் கண்டு, விரியன் பாம்பு சுற்றிக் கிடக்கிறதே என்கிறான். இன்னொன்றைக் கண்டு நாங்கூழ்ப் புழு என்கிறான். மற்றொன்றைக் கண்டு செத்த தவளையைக் காலில் கட்டியிருக்கிறாயே என்கிறான். அவன் ஒவ்வொன்றாகக் கேட்கக் கேட்க, அது இன்ன நகை, இன்ன நாட்டில் குறி சொல்லிப் பெற்றது என்று அவள் அமைதியாக விடை சொல்லிக்கொண்டே போகிறாள்.

இதில் நமக்குப் பாடங்கள் சில உண்டு. சிங்கனும் சிரிக்கவில்லை, சிங்கியும் சிரிக்கவில்லை. கேட்கும் நாம்தான் சிரிக்கிறோம். அவன் உண்மையிலேயே அஞ்சிக் கேட்கிறான். அவள் உண்மையிலேயே விடை சொல்கிறாள். சொல்பவன் சிரிக்காத இடத்தில்தான் கேட்பவன் சிரிப்பான் என்ற மேடை விதி இங்கே இருக்கிறது. கேள்வியும் விடையுமாக ஒரே அச்சில் திரும்பத் திரும்ப வருவதால், அடுத்தது என்னவோ என்ற ஆவல் நமக்கு உண்டாகிறது. இது இரண்டாவது விதி.

மூன்றாவது ஒன்றும் உண்டு. மலைவாழ் எளியவர்களின் அறியாமையைக் கண்டு நகரத்தார் சிரிக்கும் பகுதியாக இதைப் பார்ப்பவர்கள் இருக்கலாம். ஆனால் அந்த நகைகள் அவளுக்கு எப்படி வந்தன? எவரும் தானமாகத் தரவில்லை. நாடு நாடாகச் சென்று, தன் சொல்வன்மையால் ஈட்டியவை. தமிழில் நகை என்பதற்குச் சிரிப்பு என்றும் பொருள், அணிகலன் என்றும் பொருள். சிங்கி அணிந்திருப்பது அவளுடைய நா ஈட்டித் தந்த நகை. நம் பிள்ளைகளும் அத்தகைய நகையை அணிய வேண்டும் என்பதே என் ஆசை.

இதே குற்றாலத்தில்தான் ரசிகமணி டி.கே. சிதம்பரநாத முதலியார் தம் இறுதிக் காலத்தில் வாழ்ந்து 1954ஆம் ஆண்டில் மறைந்தார். அவருடைய உரையாடலைக் கேட்பதற்காகவே அறிஞர்கள் பலர் குற்றாலம் வந்தார்கள். அத்தகைய கூட்டங்களில் அமர்ந்து கேட்கும் வாய்ப்பு நம் பாட்டன்மாருக்கு எத்தனை பேருக்குக் கிடைத்திருக்கும் என்று நீங்கள் கேட்கலாம். கேட்க வேண்டிய கேள்விதான். அதனால் அந்தக் கலை நமக்கு உரியதன்று என்று ஆகிவிடாது. அருவித் தண்ணீர் எல்லார் தலையிலும் ஒன்றுபோல்தான் விழுகிறது.

சொல்லும் முறை

இனி, சொல்லும் முறைக்கு வருகிறேன். ஒரு சிறு கதை. வெளியூர் அன்பர் ஒருவர் குற்றாலத்தில் குளிக்க வந்தார். முதல் முறை வந்தபோது அருவியில் தண்ணீர் இல்லை; பாறையைப் பார்த்துவிட்டுத் திரும்பினார். இரண்டாம் முறை வந்தபோது வெள்ளம். காவலர்கள் குளிக்கக் கூடாது என்று தடுத்துவிட்டார்கள். மூன்றாம் முறை அளவான தண்ணீர், அருமையான சாரல். ஆனால் அவருக்கு முன்னே நின்ற ஆயிரம் பேரும் நகரவில்லை. வீட்டுக்குத் திரும்பியதும் அவர் மனைவி, "இந்த முறையாவது குளித்தீர்களா?" என்று கேட்டார். "குளிக்காமல் வருவேனா? நன்றாகக் குளித்தேன்" என்றார் அவர். "எந்த அருவியில்?" என்றதற்குச் சொன்னார்: "தென்காசி பேருந்து நிலையத்துக் குழாயடியில்."

நீங்கள் சிரித்தீர்கள், நன்றி. இப்போது இதையே கெடுத்துக் காட்டுகிறேன். "குற்றாலத்துக்கு வந்து குழாயடியில் குளித்துவிட்டுப் போன ஒருவரைப் பற்றி மிகவும் வேடிக்கையான கதை ஒன்று சொல்லப் போகிறேன்" என்று தொடங்கியிருந்தால் என்ன ஆகியிருக்கும்? கதை தொடங்கும் முன்பே முடிந்திருக்கும். ஆகவே, விதிகளைச் சுருக்கமாகச் சொல்கிறேன்.

முதலாவது, முன்னறிவிப்புச் செய்யாதீர்கள். 'வேடிக்கையான கதை' என்று சொன்னவுடன், அவையினர் கைகளைக் கட்டிக்கொண்டு, "எங்கே, சிரிக்க வை பார்ப்போம்" என்று நிமிர்ந்து உட்கார்ந்துவிடுவார்கள்.

இரண்டாவது, முடிச்சு அவிழும் சொல் கடைசிச் சொல்லாக இருக்க வேண்டும். 'குழாயடியில்' என்பதற்குப் பிறகு இன்னொரு சொல் சேர்த்தாலும் சிரிப்பு பாதியாகும். தமிழில் வினைச்சொல் வாக்கியத்தின் இறுதியில் வருவது இயல்பு. ஆனால் இங்கே வினையை முன்னே தள்ளி, இடத்தைப் பின்னே வைத்தோம். இந்த இடமாற்றம் நம் பேச்சுவழக்கில் இயற்கையாகவே உண்டு. அதைப் பயன்படுத்திக்கொள்ளுங்கள்.

மூன்றாவது, மூன்று படி. முதல் இரண்டும் ஒரு பாதையை உண்டாக்க வேண்டும். மூன்றாவது அந்தப் பாதையிலிருந்து விலக வேண்டும். இரண்டே முறை வந்திருந்தால் பாதை அமையாது. ஐந்து முறை வந்திருந்தால் அவை கொட்டாவி விடும்.

நான்காவது, நிறுத்தம். கடைசிச் சொல்லுக்கு முன் ஒரு மூச்சு நில்லுங்கள். வில்லுப்பாட்டில் எதிரே அமர்ந்து 'ஆமா' போடுகிறாரே, அவர் செய்யும் வேலை என்ன தெரியுமா? பாடுபவர் ஓட, கேட்பவர் பின்தங்கிவிடாதபடி இருவரையும் ஒரு நொடி ஓரிடத்தில் நிறுத்தி வைப்பதுதான். தனியாக மேடையேறுபவனுக்கு 'ஆமா' போட ஆளில்லை. அந்த 'ஆமா'வை அவன் மனத்துக்குள்ளே போட்டுக்கொள்ள வேண்டும்.

ஐந்தாவது, சிரிப்பு எழுந்தவுடன் பேசாதீர்கள். சிரிப்பு அலைபோல் எழும்பி, உச்சிக்குப் போய், இறங்கத் தொடங்கும். இறங்கும்போது அடுத்த சொல்லை எடுங்கள். உச்சியில் பேசினால் உங்கள் சொல் கேட்காது; முற்றும் அடங்கிய பின் பேசினால் அவையை மறுபடியும் தூக்க வேண்டியிருக்கும்.

ஆறாவது, சிரிப்பு எழவில்லையா? விளக்கம் சொல்லாதீர்கள். "புரிந்ததா?" என்று கேட்காதீர்கள். அதுவும் பேச்சின் ஒரு பகுதியே என்பதுபோல் மேலே போய்க்கொண்டிருங்கள். விளக்கப்பட்ட நகைச்சுவை, ஊறப் போட்ட முறுக்கு.

ஏழாவது, அவை அறிதல். திருவள்ளுவர் இதற்கென்றே எழுபத்திரண்டாம் அதிகாரத்தை ஒதுக்கினார். அடுத்த அதிகாரத்திற்கு அவை அஞ்சாமை என்று பெயரிட்டார். இந்த வரிசையை நினைவில் வையுங்கள். அவையை அறிந்தவனுக்கே அஞ்சாமை வரும். துக்க வீட்டுக் கூட்டத்தில் ஒன்று, மணவீட்டில் ஒன்று, மாணவர் மன்றத்தில் ஒன்று. முன்வரிசையில் யார், பின்வரிசையில் யார், பெண்கள் எங்கே அமர்ந்திருக்கிறார்கள் என்று பார்த்த பிறகே வாய் திறக்க வேண்டும்.

கலைவாணரின் கிந்தனார்

இந்த விதிகள் அனைத்தும் கைத்திறன். கைத்திறன் கத்தியைப் போன்றது. எதை வெட்டுவது என்பதைக் கத்தி சொல்லாது. அதைச் சொல்லிக் கொடுத்த பேராசான் ஒருவர் நம் தென்பாண்டிக்கு அண்டையிலே, நாகர்கோவிலில் 1908ஆம் ஆண்டில் பிறந்தார். கலைவாணர் என்.எஸ். கிருஷ்ணன் என்ற பெயரை அறியாத தமிழர் இல்லை.

1949ஆம் ஆண்டில் வெளிவந்த 'நல்லதம்பி' என்ற திரைப்படத்தில் கலைவாணர் 'கிந்தனார்' என்ற கதாகாலட்சேபம் ஒன்றை நிகழ்த்தினார். பாடல்களை இயற்றியவர் உடுமலை நாராயணகவி. படத்திற்குக் கதை வசனம் எழுதியவர் அறிஞர் அண்ணா. நந்தனார் கதை அன்றைய தமிழ்நாட்டில் மூலை முடுக்கெல்லாம் பரவியிருந்தது. கோபாலகிருஷ்ண பாரதியாரின் நந்தனார் சரித்திரக் கீர்த்தனைகளைப் பாடாத பாகவதர் இல்லை. 1935இல் கே.பி. சுந்தராம்பாள் நந்தனாராக நடித்தார்; 1942இல் தண்டபாணி தேசிகர் நடித்தார். சிதம்பரம் போக வேண்டும் என்று நந்தன் ஏங்கியதும், தீயில் மூழ்கி எழுந்த பிறகே கோயிலுக்குள் புக முடிந்ததும் எல்லாரும் கேட்டுக் கண்ணீர் விட்ட கதை.

கலைவாணர் என்ன செய்தார்? அதே காலட்சேப வடிவத்தை எடுத்துக்கொண்டார். அதே தோரணை, அதே இழுப்பு, அதே பின்பாட்டு. ஆனால் நந்தன் இருந்த இடத்தில் கிந்தன். சிதம்பரத்தின் இடத்தில் பட்டணம். கோயிலின் இடத்தில் பள்ளிக்கூடம். தாழ்த்தப்பட்ட குடியில் பிறந்த பையன் படிக்க வேண்டும் என்று ஏங்குகிறான், தடுக்கப்படுகிறான், ரயிலேறிப் பட்டணம் போகிறான், படித்துக் கல்வித்துறை அதிகாரியாகத் திரும்பி வருகிறான்.

அன்பர்களே! இந்த நகைச்சுவையில் சிரிப்பு யார்மேல் விழுகிறது என்று பாருங்கள். கிந்தன்மேல் விழவில்லை. அவனுடைய நிறத்தின்மேலோ, உடையின்மேலோ, பேச்சின்மேலோ விழவில்லை. அவனைத் தடுத்தவர்கள்மேல் விழுகிறது. தீண்டாமை என்ற வழக்கத்தின்மேல் விழுகிறது. பக்திக் கதையாகக் கேட்டபோது, 'ஐயோ பாவம்' என்று கண்ணீர் விட்டு, அத்துடன் எழுந்து போனவர்கள், இங்கே சிரித்துச் சிரித்து, 'ஆமாம், அவன் ஏன் படிக்கக் கூடாது?' என்ற கேள்விக்கு வந்து சேர்கிறார்கள். கண்ணீர் நம்மைப் பரிதாபத்துக்கு உரியவர்களாக ஆக்கிற்று. அந்தச் சிரிப்பு உரிமைக்கு உரியவர்களாக ஆக்கிற்று.

காலத்தையும் கருத வேண்டும். தீண்டாமையை ஒழிக்கும் அரசியலமைப்புப் பிரிவை அரசியல் நிர்ணய சபை 1948 நவம்பர் 29ஆம் நாள் ஏற்றுக்கொண்டது. அரசியலமைப்பு முழுமையாக நடைமுறைக்கு வந்தது 1950 சனவரி 26ஆம் நாள். அண்ணல் அம்பேத்கர் தலைமையில் வரைவுக்குழு சட்டமொழியில் எழுதிக்கொண்டிருந்ததை, இடைப்பட்ட 1949இல், கொட்டகையில் மணல் குவித்து உட்கார்ந்திருந்த மக்களுக்குக் கலைவாணர் சிரிப்பு மொழியில் சொல்லிவிட்டார். கல்விச் சங்கத்து வெள்ளி விழாவில் சிரிப்புக்கு என்ன வேலை என்று கேட்ட பெரியவருக்கு, கிந்தனாரைவிட நல்ல விடை என்னிடம் இல்லை. இங்கே அமர்ந்திருப்பவர்களில் எத்தனை கிந்தன்கள்!

வெட்கத்தின் இடமாற்றம்

கிந்தனாரில் வேறொருவர் நமக்காகச் சிரிக்க வைத்தார். நாமே மேடையேறிச் சிரிக்க வைத்தால்? அமெரிக்காவில் கறுப்பின மக்களுக்கு இது வரலாறு. 1961ஆம் ஆண்டில் சிகாகோ நகரத்துக் கேளிக்கை அரங்கு ஒன்றில் டிக் கிரெகரி என்ற கறுப்பின இளைஞர் மேடையேறினார். எதிரே இருந்தவர்கள், இனவெறி மிகுந்த தென் மாநிலங்களிலிருந்து வந்த வெள்ளை வணிகர்கள். அவர் பேசிப் பேசி அவர்களைச் சிரிக்க வைத்தார். அவர் சொன்ன கதைகளில் ஒன்று உலகப் புகழ் பெற்றது. தென் மாநிலத்து உணவகம் ஒன்றில் அவர் போய் அமர்கிறார். பரிமாறுபவள், "இங்கே கறுப்பர்களைப் பரிமாறுவதில்லை" என்கிறாள். ஆங்கிலத்தில் 'கறுப்பர்களுக்கு' என்பதும் 'கறுப்பர்களை' என்பதும் ஒரே வாக்கியமாக அமையும். அவர் சொன்னார்: "பரவாயில்லை அம்மா, நான் கறுப்பர்களைச் சாப்பிடுவதில்லை. ஒரு முழுக் கோழி கொண்டு வாருங்கள்." பின்னாளில் அவர் குடியுரிமைப் போராட்டங்களில் கலந்துகொண்டு சிறைக்கும் சென்றார். அவரிடம் நகைச்சுவையும் போராட்டமும் ஒன்றுக்கொன்று மாற்றாக இருக்கவில்லை.

இதைப் படித்தபோது நம் ஊர்த் தேநீர்க் கடைகள் என் நினைவுக்கு வந்தன. இரட்டைக் குவளையை நம் பெரியவர்கள் அறிவார்கள். கற்பனையாக ஒன்று சொல்கிறேன். கடைக்காரர், "ஏலே, உனக்குத் தனிக் குவளை" என்று எடுத்து நீட்டுகிறார். நம் பையன் இரண்டு கைகளாலும் வாங்கிக்கொண்டு சொல்கிறான்: "ரொம்ப நன்றி அண்ணாச்சி. ஊரெல்லாம் வாய் வைத்த குவளையில் எப்படிக் குடிப்பது என்றுதான் நானும் கவலைப்பட்டுக்கொண்டிருந்தேன்."

இந்த ஒரு சொல்லால் இரட்டைக் குவளை ஒழிந்துவிடுமா? ஒழியாது. குவளையை உடைப்பதற்குச் சட்டம் வேண்டும், சங்கம் வேண்டும், துணிவு வேண்டும். ஆனால் அந்தச் சொல் வேறொன்றைச் செய்கிறது. அதுவரையில் நம் பையன் தலையில் கிடந்த வெட்கத்தை எடுத்து, அது எங்கே இருக்க வேண்டுமோ அங்கே கொண்டுபோய் வைத்துவிடுகிறது. இரட்டைமலை சீனிவாசன் 1893ஆம் ஆண்டில் தாம் தொடங்கிய இதழுக்குப் 'பறையன்' என்றே பெயர் சூட்டியதும் இதே துணிவுதான். எந்தப் பெயரைச் சொல்லி இழித்தார்களோ, அந்தப் பெயரை முகப்பிலே அச்சிட்டு, காசு கொடுத்து வாங்கிப் படியுங்கள் என்று நீட்டினார்.

நமக்கு நாமே வகுக்கும் வரம்பு

இனி, கண்டிப்பாகச் சில சொல்ல வேண்டும். பேச்சாளன் தன்னைத்தானே கேலி செய்துகொண்டால் அவை அவனை விரும்பும் என்று நூல்கள் சொல்லும். உண்மைதான். ஆனால் நம் இளைஞர்கள் இதில் ஒரு வரம்பு வைத்துக்கொள்ள வேண்டும். உங்கள் மறதியைக் கேலி செய்யுங்கள். உங்கள் சோம்பலை, சமையலை, பாட்டுக் குரலைக் கேலி செய்யுங்கள். உங்கள் பிறப்பையும், நிறத்தையும், தாய் தந்தையர் செய்த தொழிலையும் ஒருபோதும் கேலிப்பொருளாக்காதீர்கள். முன்னது தன்னம்பிக்கை, பின்னது, பகைவன் செய்ய வேண்டிய வேலையை அவனுக்குக் கூலியில்லாமல் செய்து கொடுப்பது.

நம் விடுதி ஆண்டு விழாக்களில் பிள்ளைகள் திரைப்பட நகைச்சுவைக் காட்சிகளை நடித்துக் காட்டுகிறார்கள். திறமையாகவே நடிக்கிறார்கள். ஆனால் அந்தக் காட்சிகளில் பல கறுத்த நிறத்தையும், பருத்த உடலையும், திக்குவாயையும், துப்புரவுத் தொழிலையும், பெண்களையும் இழிவுபடுத்துபவை. நம்மைச் சுட்ட கொள்ளியை எடுத்து நாமே நம் கூரையில் செருகலாமா? நம்மினும் எளியவரை நாம் எள்ளுவோமானால், நம்மை எள்ளியவர்களை நோக்கிக் கேள்வி கேட்கும் தகுதியை அன்றே இழந்துவிடுகிறோம்.

மற்றொன்று. முன்பு மேடையில் சொன்னது மேடையோடு போயிற்று. இன்று ஒவ்வொருவர் கையிலும் கைப்பேசி இருக்கிறது. இந்த அரங்கிலே சொல்வது அடுத்த நிமிடம் வாட்ஸ்அப் வழியாகச் செங்கோட்டைக்கும் போகும், சிங்கப்பூருக்கும் போகும். முன்னும் பின்னும் வெட்டப்பட்டுத் தனியாகப் போகும். ஆகவே, தனியாக எடுத்துப் பார்த்தாலும் எவரையும் இழிவுபடுத்தாததாக உங்கள் சொல் இருக்க வேண்டும். நம்மைச் சாதி சொல்லிப் பொதுவிடத்தில் இழிவுபடுத்துவோரைத் தண்டிக்க 1989ஆம் ஆண்டின் வன்கொடுமைத் தடுப்புச் சட்டம் இருக்கிறது. விளையாட்டுக்குத்தான் சொன்னேன் என்பது இழிவுக்கு மருந்தாகாது. அந்தச் சட்டத்தின் நிழலில் நிற்கும் நாம், நம் நாவுக்கு அதைவிடக் கடுமையான சட்டத்தை நாமே இயற்றிக்கொள்வோம்.

செய்ய வேண்டுவது

நிறைவாக, சங்கத்தாருக்கு ஒரு வேண்டுகோள். வாரந்தோறும் ஞாயிற்றுக்கிழமை மாலையில் ஒரு மணி நேரம் பேச்சு அரங்கு நடத்துங்கள். ஆண் பிள்ளைகளும் பெண் பிள்ளைகளும் சரிபாதியாகப் பேசட்டும். ஒவ்வொருவரும் இரண்டு நிமிடத்தில் ஒரு நகைச்சுவை சொல்லட்டும். புத்தகத்தில் படித்ததாக இல்லாமல், தன் ஊரில் பார்த்ததாக, தன் நெல்லைத் தமிழில் சொல்லட்டும். கேட்டவர்கள் இரண்டே கேள்விகளுக்கு விடை கூறட்டும்: சிரிப்பு வந்ததா? அது யார்மேல் விழுந்தது? முதற்கேள்வி கலையைச் செம்மைப்படுத்தும். இரண்டாவது மனத்தைச் செம்மைப்படுத்தும். பாட்டிமார்களிடம் கிடக்கும் விடுகதைகளையும் வேடிக்கைக் கதைகளையும் ஏட்டில் எழுதி வையுங்கள். வயல் வேலையின் களைப்பைப் போக்க அவர்கள் சொல்லிச் சிரித்தவை நம் சமுதாயத்தின் எழுதப்படாத செல்வம்.

ஒரு பெரிய அவை ஒருவன் வாயையே பார்த்துக்கொண்டு, அவன் நிறுத்தும் இடத்தில் மூச்சை நிறுத்தி, அவன் விடுவிக்கும் இடத்தில் ஒன்றாகச் சிரிக்கிறது என்றால், அந்த ஒரு கணத்தில் மேல் கீழ் என்பது அங்கே இல்லை. நூற்றாண்டுகளாகப் பிறர் சிரிப்புக்கு ஆளாகித் தலை குனிந்து நின்றவர்களின் பேரப்பிள்ளைகள், தலை நிமிர்ந்து நின்று அந்தக் கணத்தை உண்டாக்க வேண்டும். பட்டச் சான்றிதழுக்கு நிகரான தேர்ச்சி அது.

இன்னும் பேசலாம். ஆனால் மேடைப் பேச்சாளர்களைப் பற்றிய பழைய கதை ஒன்று குறுக்கே வந்து நிற்கிறது. ஒருவர் மணிக்கணக்கில் பேசி முடித்து நிமிர்ந்து பார்த்தாராம். அரங்கத்தில் ஒரே ஒருவர்தான் அமர்ந்திருந்தார். பேச்சாளர் மனம் நெகிழ்ந்து, "நீங்கள் ஒருவராவது தமிழைச் சுவைக்க இருந்தீர்களே!" என்றாராம். அவர் சொன்ன விடை: "அப்படியில்லை ஐயா. நீங்கள் நிற்கிறீர்களே, அந்த ஜமக்காளம் என்னுடையது."

நம் அரங்கில் ஜமக்காளத்துக்கு உரியவர் சற்று முன்புதான் வந்து கதவோரம் நின்றிருக்கிறார்.